மானுக்காகக் கூண்டில் நின்றேன்

எங்கள் தெருவில் மான்கள் மாடுகளைப் போல உலாவும். ஒருநாள் காலை, நாய்கள் துரத்திய மான்குட்டியொன்று என் வீட்டு வளவுக்குள் ஓடி வந்தது. காலில் இரத்தம். வாசல் படலையைப் பூட்டிவிட்டு வனஜீவராசிகள் அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தேன். அவர்கள் வருமுன் வேறு யாரோ முறையிட, பொலிஸ் வந்தது. மானை அடைத்து வைத்ததாக என்மேல் வழக்கு.

நீதவான் நீதிமன்றத்தில் அன்று எனக்கு முன் ஒன்பது பேர். குற்றத்தை ஒப்புக்கொண்ட ஏழு பேரும் தண்டப்பணம் கட்டிவிட்டு வெயிலுக்குள் கரைந்து போனார்கள். யன்னலுக்கு வெளியே துறைமுகம் ஆவியாய் மிதந்தது. கண் சொருகியது. நானும் ஒப்புக்கொண்டால் மத்தியானச் சாப்பாட்டுக்கு வீட்டில் நிற்கலாம் என்று நினைத்தேன்.

"குற்றவாளியெண்டு சொல்லட்டே பிள்ளை?" என்று எனக்காக வாதாட வந்த இளம் சட்டத்தரணியிடம் கேட்டேன்.

"உங்களுக்கென்ன விசரே ஐயா? எழுபத்தாறு வயசில பேரைப் பழுதாக்கப் போறியளே? பேசாம நில்லுங்கோ."

அலுவலகத்தை முதலில் அழைத்ததே நான்தான் என்று அவர் எடுத்துக்காட்டினார். பொலிசும் மறுக்கவில்லை. இதில் குற்றம் எதுவும் தெரியவில்லை என்று நீதவான் விசாரணைக்கு முன்பே என்னை விடுவித்தார்.

எனக்கு விளங்கவில்லை. சட்டத்தரணியிடம் கேட்டேன்: "அப்ப விசாரணை எப்ப, பிள்ளை?"

"இனி இல்லை. கூண்டால இறங்குங்கோ ஐயா, அடுத்த ஆள் நிக்கிறார்."

கால் நிலத்தில் படாதது போல வெளியே வந்தேன்.

செய்யாத குற்றத்தை இனி எந்த அவசரத்துக்கும் ஒப்புக்கொள்ள மாட்டேன். காயப்பட்ட மான் வந்தால் படலையையும் பூட்டுவதில்லை. அலுவலகத்துக்கு அறிவித்துவிட்டு, திறந்த படலைக்குக் குறுக்கே கதிரை போட்டிருந்து நாய்களை விரட்டுகிறேன்.