பலகையில் இல்லாத அட்டை

கம்பெனி வாசலில் கடிகாரத்துக்குப் பக்கத்தில் ஒரு மரப்பலகை இருக்கும். அதில் எங்கள் அட்டைகளை வரிசையாகச் செருகி வைத்திருப்பார்கள். காலையில் எடுத்துக் கடிகாரத்துக்குள் விட்டால் டக்கென்று நேரம் குத்தும். பதினேழு வருடம் அப்படிக் குத்தியிருக்கிறேன். போர்வெல்லுக்குள் இறக்கும் மோட்டார் செய்கிற கம்பெனி. கோயமுத்தூரில் அவிநாசி சாலைப் பக்கம். நான் அங்கே சர்வீஸ் மெக்கானிக்.

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு திங்கட்கிழமை சர்வீஸ் மேனேஜர் என்னைக் கூப்பிட்டு, தீப்பெட்டியைவிடக் கொஞ்சம் பெரிதான ஒரு கறுப்புப் பெட்டியை மேசையில் வைத்தார். பேஜர்.

"இனி நீங்க இங்க வரவே வேண்டாங்க. ஊட்டுல இருந்தே நேரா தோட்டத்துக்குப் போயிருங்க. கம்ப்ளெயின்ட் வந்தா இதுல மெசேஜ் வரும். பூத்துல இருந்து எனக்கு ஒரு போன் போட்டு விவரம் கேட்டுக்கங்க. வாரம் ஒருக்கா ரிப்போர்ட் குடுத்தாப் போதும்."

மற்றதெல்லாம் விட்டுப்போய் 'வரவே வேண்டாம்' என்பது மட்டும் காதில் நின்றது. எனக்கு நாலு பேர் முன்னால் பேச வராது. சரிங்க என்று பெட்டியை எடுத்துக்கொண்டேன். வெளியே வரும்போது பலகையைப் பார்த்தேன். என் இடம் காலி. என்னிடம் சொல்வதற்கு முன்பே அட்டையை எடுத்துவிட்டிருந்தார்கள். ஆளை ஒரேயடியாக நிறுத்தினால் பேச்சு வருமென்று முதலில் அட்டையை நிறுத்துகிறார்கள் என்றே நினைத்தேன். போதாததற்கு, கண்ணாடிக் கதவுக்குள் மேனேஜர் யாரிடமோ சிரித்துச் சொன்னதும் கேட்டது.

"வெளிய உட்டாச்சு. எவன் எந்த பேக்கரியில உக்காந்திருக்கான்னு இனி ஆருக்குத் தெரியும்?"

வீட்டில் என் மனைவி பெட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "ஏனுங்க, நெசமாவே அவிங்களா குடுத்தாங்களா? இல்ல ஏதாச்சும் சண்டை போட்டுட்டு வந்துட்டீங்களா?" என்றாள். எதிர்வீட்டு அம்மா காலை பத்து மணிக்கு நான் வாசலில் மொபெட்டைத் துடைப்பதைப் பார்த்து, "அண்ணனுக்கு ஒடம்பு செரியில்லீங்களா?" என்று கேட்டார். மறுநாளும் கேட்டார். மூன்றாம் நாள் கேட்கவில்லை. அதுதான் எனக்கு இன்னும் சங்கடமாக இருந்தது.

பேஜரில் எல்லாம் இங்கிலீஷில் வரும். நான் தமிழில் எஸ்எஸ்எல்சி வரை படித்தவன். ஆபீசைக் கூப்பிடு என்று வருகிற வரி மட்டும் பழகிவிட்டது. சாயந்திரம் என் மகள்தான் ஒவ்வொரு மெசேஜையும் எடுத்து, வந்த நேரம் என்ன, நான் போய்ச் சேர்ந்த நேரம் என்ன என்று ரிப்போர்ட் நோட்டில் எழுதுவாள். பிளஸ் டூ முடித்து வீட்டில் இருந்தாள். அவளுக்கு அப்போது மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தோம்.

என் மச்சினன் ஒரு வரன் கொண்டுவந்தான். கருமத்தம்பட்டியில் ஒரு பவர்லூம் கூடத்தில் மேஸ்திரி. அப்பா இல்லை, தாய்மாமன்தான் எல்லாம் பார்க்கிறார். ஜாதகம் பொருந்தியது. போட்டோ போய் வந்தது. மகள் அந்தப் போட்டோவைத் தன் சான்றிதழ்களோடு வைத்திருந்ததை என் மனைவி பார்த்திருக்கிறாள். வேண்டாம் என்று அவள் சொல்லாத முதல் வரன் அது.

பத்து நாள் கழித்து மச்சினன் முகம் வாடி வந்தான்.

"மச்சான், அவிங்க விசாரிக்க உங்க கம்பெனிக்கே போயிருக்காங்க. வாசல்ல புது வாட்ச்மேன். பலகையைப் பாத்துப்போட்டு, அப்படி ஒரு அட்டையே இல்லீங்க, இந்தப் பேர்ல ஆரும் வர்றதில்லீங்கன்னு சொல்லிட்டானாம்."

"பேஜர் குடுத்திருக்காங்கன்னு சொல்ல வேண்டியதுதான?"

"சொன்னனே! ஊட்டுல இருக்கறவனுக்கு எந்தக் கம்பெனி சம்பளம் குடுக்குதுன்னு திருப்பிக் கேக்கறாங்க. எனக்கே பதில் தெரியலீங்க மச்சான். வேலை போனதை மறைச்சுப் பொண்ணைக் குடுக்கப் பாக்கறோம்னு நெனச்சுக்கிட்டாங்க."

மனைவி அழவில்லை. "போயி அந்த அட்டையை மறுபடி பலகையில வெக்கச் சொல்லுங்க. ஒரு அட்டைதான?" என்றாள். போனேன். மேனேஜர் மேசைக்கு முன்னால் நின்றேன். என்னங்க என்றார். ரிப்போர்ட் குடுத்துட்டுப் போலாம்னு வந்தேனுங்க என்று சொல்லிவிட்டுத் திரும்பி வந்தேன். அட்டை கேட்டால், வெளியே வேலை பார்க்க இஷ்டமில்லை போல, இவனை நிறுத்திவிடலாம் என்று முடிவு செய்வார்களோ என்று பயம்.

அந்த வாரமே ஒரு மெசேஜ். பூத்தில் இருந்து பேசினேன். பெரியநாயக்கன்பாளையத்தில் ஒரு தோட்டம், மோட்டார் எடுக்கவில்லை, நீங்களே போங்க என்றார் மேனேஜர். 'நீங்களே' என்று ஏன் அழுத்தினார் என்று வழியெல்லாம் யோசித்துக்கொண்டே போனேன்.

தோட்டத்துக்காரர் அறுபது வயதிருப்பார். தோளில் துண்டு. நான் ஸ்டார்ட்டர் பெட்டியைத் திறப்பதையும் டெஸ்ட் லேம்ப் வைத்துப் பார்ப்பதையும் ஒட்டி நின்று கவனித்தார். மூன்று பேஸ் லைனில் ஒன்றில் கரண்ட் வரவில்லை. ப்யூஸைப் பிடுங்கிப் பார்த்தேன். எரிந்துபோன கம்பியென்றால் நுனி உருண்டு, பக்கத்துப் பீங்கான் கருத்திருக்கும். இதில் ஒன்றுமில்லை. கட்டிங் பிளேயரால் நேராக வெட்டியிருந்தது.

சோதிக்கிறார்கள். நான் வருகிறேனா, எத்தனை நேரத்தில் வருகிறேன், நல்ல மோட்டாரைக் கழற்றிப் பொய் சொல்கிறேனா என்று கம்பெனியே ஏற்பாடு செய்திருக்கிறது.

அவர் கேட்ட கேள்விகளும் அப்படித்தான் இருந்தன.

"கம்பெனிக்குப் போறதே இல்லீங்களாமா?"

"ஆமாங்க."

"சம்பளம் மாசமானா வந்துருதுங்களா?"

"வருதுங்க."

"குலதெய்வம் எந்தப் பக்கமுங்க?"

மோட்டார்காரனுக்கும் குலதெய்வத்துக்கும் என்ன சம்பந்தம்? சொன்னேன். புதுக் கம்பி போட்டேன், மோட்டார் ஓடியது. ரிப்போர்ட்டில், 'மோட்டாரில் குறை இல்லை. ப்யூஸ் கம்பி வெட்டப்பட்டுள்ளது' என்று தமிழில் எழுதி அவர் முன்னால் நீட்டினேன். படித்துவிட்டு என் முகத்தைப் பார்த்தார். கையெழுத்துப் போட்டார். உள்ளே இருந்து ஓர் அம்மா டம்ளரில் காப்பி கொண்டுவந்தார்.

என் வாழ்க்கையில் அத்தனை சத்தமாக நான் பேசியது அபூர்வம். "காப்பியெல்லாம் வேண்டாங்க. கேக்கறதை மொதலாளி நேர்ல கேக்கட்டுமுங்க. ஆளு வெச்சுக் கேக்க வேண்டாம்" என்றேன்.

"எந்த மொதலாளி?" என்றார் அவர். நான் அதற்குள் மொபெட்டை மிதித்துக் கிளப்பிவிட்டேன்.

இரண்டு நாள் கழித்து மச்சினன் ஓடிவந்தான். முகமெல்லாம் சிரிப்பு.

"மச்சான், நீங்க பெரியநாயக்கன்பாளையம் போனீங்களே, அவருதான் மாப்பிள்ளையோட தாய்மாமன்! வேலை இருக்குதா இல்லையான்னு பாக்கறதுக்குத்தான் அவரே கம்பியை வெட்டிப்போட்டு, உங்களையே அனுப்பச் சொல்லிக் கம்பெனிக்குப் போன் பண்ணியிருக்காரு. இப்ப நம்பிட்டாங்க. ஆனா காப்பி குடிக்காமப் போயிட்டாரே, நம்மளப் புடிக்கலையோன்னு ஒரே சந்தேகம் அவருக்கு."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. "இந்தச் சம்பந்தமே வேண்டாம். இன்னிக்கு ப்யூஸை வெட்டறவன் நாளைக்கு எம் புள்ளையை என்னென்ன சோதனை வெப்பானோ" என்றேன்.

மகள் ரிப்போர்ட் நோட்டோடு சமையலறை வாசலில் நின்றிருந்தாள்.

"அப்பா, போன மாசம் ஒரு புதன்கிழமை ரண்டு மெசேஜ் வந்திருந்துதுங்க. நீங்க எதுக்கும் போன் பண்ணலை. சிக்னல் கெடைக்கலைன்னு எழுதச் சொன்னீங்க. எழுதினேன்."

"அதுக்கென்ன?"

"சிக்னல் கெடைக்கலைன்னா மெசேஜ் எப்படீங்கப்பா உள்ள வந்துச்சு? அன்னிக்குப் பெட்ரோல் பில்லுல கருமத்தம்பட்டின்னு இருந்துது. அங்க ஆருக்கு மோட்டார் போச்சு?"

மனைவி என்னைப் பார்த்தாள். இதுவரை இதை நான் எழுதவில்லை. அந்தப் புதன்கிழமை மாப்பிள்ளையைப் பார்ப்பதற்காக அவர் வேலை செய்யும் பவர்லூம் கூடத்துக்கு எதிரே இருந்த பேக்கரியில் ஒன்றரை மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். மேனேஜர் சொன்ன மாதிரியே, பேக்கரியில். இடுப்பில் பேஜர் இரண்டு முறை துடித்தது. எழுந்திருக்கவில்லை.

நான் தலையைக் குனிந்துகொண்டேன். மகள் கோபித்துக்கொள்வாள் என்று நினைத்தேன். அவள் பக்கத்தில் வந்து மெதுவாகக் கேட்டாள்.

"எப்படீங்கப்பா இருந்தாரு?"

"டீக்குச் சர்க்கரை பத்தலைன்னு ரண்டு தடவை கேட்டு வாங்கினாரு கண்ணு. பீடி, சிகரெட் இல்ல. கூட வந்தவங்கெல்லாம் கெளம்பின பொறவும் ஒரு வயசான தறிக்காரர் டீயை ஊதி ஊதிக் குடிச்சுட்டிருந்தாரு. அவரு முடிக்கற வரைக்கும் கூடவே நின்னாரு."

அவள் நோட்டை மூடிக்கொண்டு உள்ளே போய்விட்டாள். போட்டோவைப் பார்க்கத்தான் போனாள் என்று இன்றும் நினைக்கிறேன்.

மறுநாள் துடியலூரில் ஒரு வேலை. முடித்துவிட்டு, அங்கிருந்து பக்கம்தானே என்று பெரியநாயக்கன்பாளையம் போனேன். மாமன்காரர் நாற்காலி போட்டார். காப்பி வந்தது. பாதி குடிக்கும்போது பேஜர் துடித்தது.

"போன் இங்கயே இருக்குதுங்க" என்று கூடத்தைக் காட்டினார். காட்டிவிட்டு எனக்குப் பக்கத்திலேயே வந்து நின்றுகொண்டார். வேண்டாம் என்று சொல்ல முடியவில்லை. சுழற்றினேன்.

"எங்கீங்க இருக்கறீங்க?" என்றார் மேனேஜர். அவருடைய குரல் அந்த அறை முழுக்கக் கேட்டது.

உண்மையைச் சொன்னால் அங்கே வேலை போகும். பொய் சொன்னால் இங்கே சம்பந்தம் போகும். மாமன்காரர் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"பெரியநாயக்கன்பாளையத்துலங்க. மூணு நாளைக்கு முந்தி ப்யூஸ் போட்ட தோட்டத்துல."

"அங்க என்ன மறுபடியும்? மோட்டார் ஓடுதா இல்லையா?"

நான் வாயைத் திறப்பதற்குள் மாமன்காரர் குனிந்து, என் காதோரம் இருந்த ரிசீவரை எட்டிப் பிடித்துச் சத்தமாகச் சொன்னார்.

"நாந்தானுங்க வரச் சொன்னேன்! ஒருக்கா பாத்துப்போட்டுப் போகட்டும்னு! நல்லா ஓடுதுங்கோ!"

போனை வைத்ததும் அவர் என் டம்ளரைத் தொட்டுப் பார்த்தார். "காப்பி ஆறிருச்சுங்க. வேற போடச் சொல்றேன்" என்றார்.

வைகாசியில் கல்யாணம். மேனேஜரும் வந்திருந்தார். மண்டபத்தில் மாமன்காரர் பந்தி, தாம்பூலம் என்று ஓடிக்கொண்டிருந்தாலும் அந்த ப்யூஸ் பேச்சு கிளம்பிவிடக் கூடாதே என்று மேனேஜர் எங்கே உட்காருகிறார், யாரோடு பேசுகிறார் என்பதில் ஒரு கண் வைத்திருந்தார். அவர் அசந்த நேரங்களில் நான் பார்த்துக்கொண்டேன்.