திமிங்கலப் பையில் பொன்னி அரிசி

இரண்டாயிரத்துக்குப் பிறகு வந்த அந்த வருஷங்களில் திருப்பூரில் வேலியில் போகிற ஓணானுக்குக்கூட எக்ஸ்போர்ட் ஆசை இருந்தது. என் மாமனாருக்கும் வந்ததில் தப்பில்லை. நாங்கள் குழந்தைகள் உடுப்பு அனுப்பிக்கொண்டிருந்தோம். அவர் அரிசி அனுப்ப நினைத்தார்.

கணியூரில் அவருக்கு ஒரு சின்ன அரிசி ஆலை. சுற்றிலும் பெரிய ஆலைகள் வந்துவிட்டதால், மெஷின் ஓடுகிற நாளைவிட ஓடாத நாள்தான் அதிகம். அதை நூல் குடோனாக்கிவிடலாம் என்று என் வீட்டுக்காரர் நச்சரித்துக்கொண்டே இருந்தார். மாமா பிடி கொடுக்கவில்லை. வெளியே ஒரு நல்ல ஆர்டர் கிடைத்தால் ஆலை பிழைத்துக்கொள்ளும் என்று நம்பினார்.

அந்த நம்பிக்கையை விதைத்தவர் எங்களிடம் உடுப்பு வாங்கிய நார்வே நாட்டுப் பெண்மணி. ஒருநாள் எங்கள் வீட்டில் இலை போட்டுச் சாப்பிட்டபோது, தன் அண்ணன் அங்கே தானியம் இறக்குமதி செய்கிறவர் என்றார். தான் சின்னப் பெண்ணாக இருந்தபோது தினமும் உருளைக்கிழங்குதானாம். அரிசி என்றால் கிறிஸ்துமஸுக்குப் பாலில் குழையக் காய்ச்சும் கஞ்சி மட்டும். இப்போது கடைக்குக் கடை தாய்லாந்து அரிசியும் பாசுமதியும் வந்துவிட்டன. அங்கே குடியேறிய இலங்கைத் தமிழர்கள் சம்பா அரிசியும் விற்கிறார்கள். அந்த ஊர்க்காரர்களும் சின்னச் சின்னப் பைகளாக வாங்கிப் பழகிவிட்டார்கள் என்றார். அண்ணன் புது ரக அரிசி தேடுகிறார், சாம்பிள் தயார் செய்துவைத்தால் அடுத்த முறை வரும்போது கையோடு கொண்டுபோகிறேன் என்றும் சொன்னார்.

நான் தமிழில் சொன்னதும், அன்று வீட்டுக்கு வந்திருந்த மாமா கேட்டது இதுதான்: "உருளைக்கெழங்கையே தின்னுட்டு எப்படி இருந்தாங்க அம்மிணி?" பிறகு நிமிர்ந்து உட்கார்ந்தார். "ஒதிரியா நிக்கற சோறு புடிக்குமா, கொழையற சோறான்னு கேளு கண்ணு."

கஞ்சிக்குக் குழைய வேண்டும், மற்றபடி உதிரியாக நிற்க வேண்டும் என்றார் அந்த அம்மா. மாமாவின் ஆலையில் பழைய பொன்னி ஒரே ஒரு மூட்டைதான் இருந்தது. அதைப் புடைத்து, சலித்து, குருணை, கருத்த மணி ஒன்று விடாமல் பொறுக்கி எடுத்தார். "ஒரு பானை சோத்துக்கு ஒரு சோறு பதம்ங்க" என்று போவோர் வருவோரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

பை தைக்கும் யோசனை என்னுடையது. பிளாஸ்டிக் கவரில் கொடுத்தால் ரேஷன் அரிசி மாதிரி இருக்கும் என்று நினைத்தேன். குடோனில் ஆர்டர் போக மிஞ்சிய துணி கிடந்தது; வெள்ளையில் நீலநிறக் குட்டித் திமிங்கலங்கள். எங்களூரில் எக்ஸ்போர்ட் மிச்சத் துணி தலையணை உறையாகும், தூளியாகும், கரித்துணியாகும். அது யாருடைய டிசைன் என்று எவரும் கேட்பதில்லை. மிச்சத் துணியை அழித்துவிடுவோம் என்று அந்த அம்மாவின் கம்பெனிக்குக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த நானும் கேட்கவில்லை. பைகளைப் பார்த்த மாமாவுக்கு ஒரே சந்தோஷம். "நெம்ப நல்லாருக்குது, இன்னும் கொஞ்சம் அனுப்பு கண்ணு" என்றார். ஒரு கட்டுப் பையும் கொஞ்சம் துணியும் அனுப்பினேன்.

அடுத்த முறை வந்தபோது அந்த அம்மா ஆலையையே பார்க்க வேண்டும் என்றார். பார்த்துவிட்டு, சாம்பிளை வாங்கிக்கொண்டு, அப்படியே கோயம்புத்தூர் போய் விமானம் ஏற வேண்டும். பல்லடம் தாண்டும் வரைக்கும் அண்ணன் ஆவலாகக் காத்திருக்கிறார் என்று பேசிக்கொண்டே வந்தார். எனக்குத் தலைகால் புரியவில்லை.

ஆலை வாசலில் மாமா நின்றிருந்தார். பின்னால் பெஞ்சில் வரிசை வரிசையாகத் திமிங்கலப் பைகள். சாம்பிள் பொன்னி மட்டுமில்லை, ஊர்க்காரர்களுக்கு விற்கிற இட்லி அரிசி, புது அரிசி எல்லாமே அதில்தான். வந்த விருந்தாளிக்கு மரியாதையாக மாமா தோளில் துண்டுக்குப் பதில் ஓரம் மடித்துத் தைத்த திமிங்கலத் துணி.

அந்த அம்மாவின் சிரிப்பு அப்படியே நின்றது. ஒரு பையைத் தொட்டுப் பார்த்துவிட்டு என்னிடம் மெதுவாகச் சொன்னார்: "இந்த டிசைன் எங்கள் நாட்டுக் கடைகளுக்கே இன்னும் வரவில்லை. அடுத்த கோடைக்கு வைத்திருக்கிறோம்." கோபமாகப் பேசியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அரிசி கப்பலேறுவதற்கு முன்னால் எங்கள் மானம் கப்பலேறிவிட்டது. முகத்தைக் கொண்டுபோய் எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

"என்ன கண்ணு சொல்றாங்க?" என்றார் மாமா.

பெஞ்சு நிறையத் திமிங்கலத்தை வைத்துக்கொண்டு எதைச் சொல்லி மழுப்புவது? சொன்னேன். அந்தத் துணி அவர்களுடையது, நான் எடுத்திருக்கக் கூடாது என்று.

மாமா முதலில் தோளில் கிடந்ததை எடுத்து மடித்தார். பிறகு களத்தில் தார்ப்பாயை விரித்து, பைகளை ஒவ்வொன்றாக அவிழ்த்துக் கொட்டினார். அவசரத்தில் பொன்னி எது, இட்லி அரிசி எது என்று பார்க்கவில்லை. துணி அந்த அம்மாவிடம் போய்ச் சேர்ந்தால் போதும் என்றிருந்தது அவருக்கு. நான் குனிந்து ஒரு பையை எடுக்கப் போனேன். "நீ இரு அம்மிணி" என்றார். காலி பைகளையெல்லாம் உதறி, அடுக்கி, இரண்டு கையாலும் நீட்டினார். "பொறுத்துக்கங்க சாமி." அந்த மனிதர் யார் முன்னாலும் அப்படிக் குனிந்து நான் பார்த்ததில்லை.

அந்த அம்மாவுக்கு மனசு இளகிவிட்டது. உடுப்பு ஆர்டருக்கு ஒன்றும் ஆகாது என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். கார்க் கதவைத் திறந்தவர் திரும்பி, "சாம்பிள்?" என்று கேட்டார். தார்ப்பாயில் கிடந்த குவியலிலிருந்து ஒரு கவர் அள்ளிக் கொடுங்கள் மாமா, என்றேன்.

"இல்லீங்கன்னு சொல்லு கண்ணு. எல்லாம் கலந்து போச்சு. கலந்த அரிசிய நல்ல அரிசின்னு குடுத்து எனக்குப் பழக்கமில்லீங்க."

அதை ஆங்கிலத்தில் நான்தான் சொல்ல வேண்டியிருந்தது.

அந்த அம்மாவின் அண்ணனிடமிருந்து பிறகு எந்தச் சேதியும் வரவில்லை. ஆலை நூல் குடோனாயிற்று. மாமா எங்களோடு வந்துவிட்டார். அந்தக் குவியலை மூட்டை கட்டி வீட்டுக்குத்தான் கொண்டுவந்தோம். பழைய அரிசி வேகிறதற்குள் புதுசு குழைந்துவிடும். புதுசுக்குப் பார்த்து இறக்கினால் பழசு நறுக்கென்று நிற்கும். மூட்டை தீரும்வரை அந்தச் சோற்றைத்தான் பரிமாறினேன். மாமா ஒருநாளும் குறை சொல்லவில்லை. இன்னும் கொஞ்சம் போடு கண்ணு என்று தட்டை நீட்டுவார். எனக்குத்தான் தொண்டையில் இறங்கவில்லை.