சம்பந்தியின் வான்கோழிக் கஞ்சி

என் கணவருக்குத் தொண்டையில் கதிர்ச் சிகிச்சை முடிந்திருந்த, பனி கொட்டும் மாரிகாலம் அது. நோய் போய்விட்டது, போகும்போது நாக்கின் ருசியையும் கூட்டிக்கொண்டு போய்விட்டது. எதைக் கொடுத்தாலும் இரண்டு வாய்தான், பிறகு கோப்பையைத் தள்ளிவிடுவார். "மண்ணைத் தின்னுற மாதிரிக் கிடக்கு" என்பார். எடை இன்னும் குறைந்தால் வயிற்றில் குழாய் போட்டுத்தான் சாப்பாடு கொடுக்க வேண்டும் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். புதுவருடம் பிறந்ததும் நிறுத்துப் பார்ப்பதாக இருந்தது. குழாய் என்ற சொல்லைக் கேட்டாலே இவர் கண்ணை மூடிக்கொள்வார்.

நான் சும்மா இருந்தேனா? பால்கஞ்சி, இலைக்கஞ்சி, சவ்வரிசிக் கஞ்சி என்று வைக்காத கஞ்சியில்லை. வைத்துவிட்டு எதிரே கதிரையைப் போட்டு உட்கார்ந்து இவர் வாயையே பார்த்துக்கொண்டிருப்பேன். "இன்னும் ஒரு வாயப்பா" என்பேன். இவருக்குக் கோபம் வரும், எனக்கு அழுகை வரும்.

நத்தாருக்கு, அதாவது கிறிஸ்மஸுக்கு, மறுநாள் மகனுடைய மாமியார், என் சம்பந்தி, எங்கள் வீட்டுக்கு வந்தார். சீனப் பெண்மணி. நகரின் மறுகோடியில் இருக்கிற லாசாலிலிருந்து பஸ்ஸும் மெட்ரோவும் மாறி, பனிக்குள் எங்கள் கோட்-டெ-நெய்ஜ் வரை வந்திருந்தார். எங்கள் இருவருக்கும் பொதுவாக இருப்பது தொழிற்சாலைகளில் பொறுக்கிய கொஞ்சப் பிரெஞ்சுதான். அதை வைத்தே சமாளிக்கிறோம். வந்ததும் வராததுமாகப் பையிலிருந்து எடுத்து அடுப்படியில் வைத்தது என்ன தெரியுமா? முதல்நாள் அவர்கள் வீட்டில் விருந்துக்கு வைத்த வான்கோழியின் எலும்புக்கூடு.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நோயாளி இருக்கிற வீட்டுக்கு எச்சில் எலும்பா? முன்னமே வந்திருந்த மகனை அறைக்குள் இழுத்துக்கொண்டு போனேன்.

"உன்ரை மாமி எங்களை என்னெண்டு நினைச்சுக்கொண்டிருக்கிறா?"

"அம்மா, ஒருத்தரும் வாய் வைக்கேல்லை. எல்லாம் கத்தியாலை அரிஞ்சது. நெஞ்சிலை ஒரு பக்கம் அப்பாவுக்கெண்டு மாமி ஒருத்தரையும் தொடவே விடேல்லை."

திரும்பி வந்து பார்த்தேன். உண்மைதான், ஒரு பக்கத்து இறைச்சி அப்படியே இருந்தது. சம்பந்திக்குப் பக்கத்தில் போய் நின்றேன்.

எலும்புகளை இஞ்சியோடு பச்சைத் தண்ணீரில் போட்டுச் சின்ன நெருப்பில் வைத்தார். நுரையை அள்ளி அள்ளி வெளியே ஊற்றினார். கழுவிய அரிசியில் துளி எண்ணெயும் உப்பும் பிசறி ஊறவிட்டார். பிறகு எலும்பை வடித்தெடுத்து, அந்தச் சாற்றில் அரிசியைப் போட்டு, அடிப்பிடிக்காமல் துழாவிக்கொண்டே நின்றார். நான் நெருப்பைக் கூட்டப் போனால் கையைப் பிடித்து "தூஸ்மோ" என்பார், மெதுவாக என்று. பிரஷர் குக்கரில் மூன்று விசிலோடு கஞ்சியை முடிக்கிறவள் நான். சோறு பூவாக மலர்ந்து கரைந்ததும் இறைச்சியை நூல் நூலாகப் பிய்த்துப் போட்டார். இவருக்குத் தொண்டை எரியும் என்று மிளகுத்தூளைப் பானையில் போடாமல் மேசையில் தனியாக வைத்தார். எத்தனை யோசனை அந்த மனுசிக்கு!

நான் இவருக்கு மட்டும் கோப்பையில் ஊற்றிக்கொண்டு போகப் பார்த்தேன். சம்பந்தி விடவில்லை. எல்லோருக்கும் மேசையில் ஒரே மாதிரிக் கிண்ணம் வைத்தார், தனக்கும் வைத்தார். வழக்கம்போல இவருக்கு எதிரே போட்ட என் கதிரையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். பிறகு இவரை ஏறெடுத்தும் பார்க்காமல், பஸ் பிந்தி வந்த கதையை மகனுக்குச் சொல்லிக்கொண்டு தன் கஞ்சியைக் குடிக்கத் தொடங்கினார்.

சம்பந்தி தன் கையால் சமைத்து, எங்கள் மேசையிலேயே சாப்பிடும்போது வீட்டுக்காரர் கையைக் கட்டிக்கொண்டு இருக்க முடியுமா? யாழ்ப்பாணத்து மரியாதை விடாது. இவர் கரண்டியை எடுத்தார். ஒரு வாய். இன்னொரு வாய். நான் கிண்ணத்துக்குள் தலையைக் குனிந்துகொண்டு கடைக்கண்ணால் பார்த்தேன்.

"உப்புக் காணாது" என்றார் இவர்.

"அப்பா!" என்று மகன் வெட்கப்பட்டான். நான் தலையை நிமிர்த்தினேன். மண்ணைத் தின்கிறவருக்கு உப்புக் குறைவது எங்கே தெரியும்? உப்பில்லாப் பண்டம் குப்பையிலே என்பார்கள். அந்தக் கஞ்சியை நான் தலையில் வைத்துக் கொண்டாடுவேன்.

"மாமியிட்டைச் சொல்லடா" என்றேன். "அப்பா சொன்னதை அப்படியே சொல்லு."

மகன் பிரெஞ்சில் சொன்னான். சம்பந்தி முகம் மலர்ந்து, தான் கொண்டுவந்திருந்த சோயா சோஸ் போத்தலை இவர் பக்கம் தள்ளி வைத்தார். பிறகு எழுந்து, எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, அணைத்துவிட்ட அடுப்பிலிருந்த பானையைக் கனநேரம் துழாவிக்கொண்டு நின்றார்.