கழற்றிய மாலை

விக்னராஜாவுக்குக் கோயிலும் இல்லை, குளமும் இல்லை. அந்த மனுசன் கும்பிட்ட ஒரே சாமி பேர்சி விண்டர். ஓம், வெள்ளைக்காரச் சாமிதான்!

அறுபதுகளில் யாழ்ப்பாணத்தை விட்டு லண்டனுக்குப் போய் பஸ் கொண்டக்டராக நின்றவர் விக்னராஜா. அவர் இருந்த தொகுதியின் பாராளுமன்ற உறுப்பினர்தான் இந்த விண்டர். இடதுசாரி. வாய் சும்மா கிடக்காது. முதலாளிமாரைக் கிழிப்பார், அரண்மனையைக் கிழிப்பார், கடைசியில் சபையில் வைத்துச் சொந்தக் கட்சித் தலைவரையே வாங்கு வாங்கென்று வாங்கினார். கட்சி அவரைத் தூக்கி வெளியே எறிந்தது. மனுசன் அசையவில்லை, தனியாக நின்று திரும்பவும் வென்றார். அந்தத் தேர்தலில் குளிரில் விறைத்து விறைத்து வீடு வீடாகத் துண்டுப்பிரசுரம் போட்டவர் விக்னராஜா. "கறுப்பனே, போ!" என்று முகத்தில் கதவைச் சாத்தினார்கள். ஒருத்தன் நாயையும் அவிழ்த்து விட்டான். வென்ற அன்று விண்டர் கையைப் பிடித்துக் குலுக்கிய கதையை அவுஸ்திரேலியாவின் மெல்பேணுக்குக் குடிவந்த பிறகும் சொல்லிச் சொல்லி, பெண்சாதி பவளத்துக்குக் காது புளித்துப்போனது.

மெல்பேணில் இரண்டு பேருக்கும் டண்டினொங்கில் ஒரே பிஸ்கட் பக்டரியில் வேலை. அவர் பிஸ்கட் வேகிற போறணைப் பக்கம், அவள் பெட்டி அடுக்குகிற பக்கம். பெட்டி அடுக்கும் ஆம்பிளைக்கு ஒரு சம்பளம், பக்கத்தில் நின்று அதே பெட்டியைத் தூக்கும் பொம்பிளைக்கு அதைவிடக் குறைவு. இது என்ன நியாயம் என்று வாய் திறந்து முதலில் கேட்டவள் பவளம். கிரேக்கப் பெண்களும் இத்தாலியப் பெண்களும் அவளோடு சேர்ந்தார்கள். ஆம்பிளைகளும் தங்கள் சம்பள உயர்வுக் கோரிக்கையைக் கையில் பிடித்துக்கொண்டு வெளியே வந்தார்கள். எழுபத்தாறில் பக்டரி வாசலில் வேலைநிறுத்தம்.

கொஞ்ச நாளில் நிர்வாகம் தூண்டில் போட்டது. ஆம்பிளைகளுக்குச் சம்பளம் கூடும். பெண்களின் விசயத்தைப் பிறகு பார்க்கலாம். பவளத்துக்கு மட்டும் இனி வேலை இல்லை. இதை ஏற்பதா விடுவதா என்று வாசலில் கையுயர்த்தி முடிவு செய்ய நாள் குறித்தார்கள்.

அந்த நேரம் பார்த்து விண்டர் அவுஸ்திரேலியாவில் கூட்டம் பேசித் திரிகிறார்! விக்னராஜா தொழிற்சங்கச் செயலாளரின் காலைக் கையைப் பிடித்து, அவரை வாசலுக்குக் கூட்டிவரச் செய்தார்.

"அந்தாள் எங்களுக்காகக் கதைப்பாரோ?" என்று கேட்டாள் பவளம்.

"நல்ல கேள்வி கேட்டீர்! அவர் வாய் திறந்தால் அதை ஏற்க ஒருத்தன் கை உயராது. நீர் மாலையைக் கட்டும்."

வாசலுக்கு வாற பெரியவருக்கு மாலை இல்லாமலோ! பின்வளவில் பூத்த ரோசா முழுவதையும் பறித்துக் கட்டினாள், பாவம்.

விண்டர் செயலாளரின் காரில் வந்து இறங்கினார். மத்தியானச் சாப்பாட்டோடு உள்ளே போன வைன் முகத்தில் சிவந்து நின்றது. விக்னராஜா மாலையைப் போட்டார். விண்டருக்கு இவரை அடையாளமே தெரியவில்லை. போகட்டும், எத்தனை பேரைக் கண்டிருப்பார் என்று விக்னராஜா மனதைத் தேற்றிக்கொண்டார்.

பேச்சென்றால் பேச்சு! வியட்நாம் வந்தது, சிலி வந்தது, சுரங்கத் தொழிலாளர் வந்தார்கள். கைதட்டல் அடங்கியதும் மனுசன் குரலை இறக்கினார். "பெண்களின் கோரிக்கை நியாயமானது. ஆனால் அதற்குக் காலம் வரும். இன்றைக்குக் கிடைப்பதை வாங்கிக்கொண்டு உள்ளே போங்கள்."

விக்னராஜா கூட்டத்தை விலக்கிக்கொண்டு நடந்தார். முன்னுக்குப் போய் நின்றார். "மிஸ்டர் விண்டர், என் மனைவிக்கு வேலை போகிறது. இதைத் தொடங்கியவளே அவள்தான்."

விண்டர் அவர் தோளில் தட்டினார். "பெரிய போராட்டத்தில் யாராவது விட்டுக்கொடுக்கத்தானே வேண்டும், தோழரே! இனி உமக்கு வீட்டில் நேரத்துக்கு நல்ல கறி கிடைக்கும்."

ஆம்பிளைகள் கொல்லென்று சிரித்தார்கள். சிரித்த வாயோடு கைகளும் உயர்ந்தன. தூ! இதுகளும் தோழர்கள்! பெண்கள் நின்ற பக்கம் ஒரு கை உயரவில்லை. ஆம்பிளைகளின் தொகைதான் கூட, எண்ணவே வேண்டியிருக்கவில்லை.

போட்ட மாலையைப் போட்ட கையாலேயே கழற்றுவதென்றால் எங்கடை சனத்தில் அதைவிடக் கேவலம் ஒருத்தனுக்கு இல்லை. செருப்பால் அடித்தாலும் மறக்கலாம். விக்னராஜா அதற்கும் துணிந்தார். நேரே போய், விண்டரின் கழுத்து மாலையில் கை வைத்தார்.

விண்டர் என்ன செய்தார் தெரியுமோ? சிரித்துக்கொண்டு, மாலையைக் கழற்ற வசதியாகத் தலையைக் குனிந்து கொடுத்தார்! இதுவும் ஒரு சடங்கு என்று நினைத்துவிட்டார் அந்த மகான். கூட்டம் கைதட்டியது. ஒருத்தன் படமும் எடுத்தான். "தாங்க்யூ, தோழரே" என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறிப் போனார்.

அடுத்த கிழமை தொழிற்சங்கப் பத்திரிகையின் முன்பக்கத்தில் அந்தப் படம். விக்னராஜா வேலையால் வந்தபோது பவளம் அதைக் குசினி மேசையில் விரித்து வைத்திருந்தாள். எல்லாரும் வேலைக்குத் திரும்ப, அவள் மட்டும் போகாத முதல் கிழமை அது.

"இஞ்சாருங்கோ," என்றாள், விரலைப் படத்துக்குக் கீழே இருந்த வரியில் வைத்து. "எங்கடை பாரம்பரிய முறைப்படி நாங்கள் அந்தாளுக்கு நன்றி சொல்லுறமாம்."