அடுப்பங்கரையில் சிவப்புக் கோடு

கதவைத் தட்டினால் யாரும் "வாங்க" என்று சொல்லாத உத்தியோகம் ஒன்று உண்டென்றால், அது நோட்டீஸ் கொடுக்கிற உத்தியோகம்தான். முதல் ஜெர்மன் சண்டை முடிந்து சில வருஷம் கழித்து, கோலாலம்பூரில் ஊரைத் திட்டம் போட்டுத் திருத்துகிற ஆபீஸில் எனக்கு அந்த வேலை கிடைத்தது. எங்கே வீடு கட்டலாம், எங்கே பட்டறை வைக்கலாம், எந்தக் கூரை ஆகும், எது ஆகாது என்றெல்லாம் துரைமார் வரைபடத்தில் முடிவு செய்வார்கள். அதை வீடு வீடாகப் போய்த் தமிழில் வாசித்துக் காட்டி, கையெழுத்தோ பெருவிரல் ரேகையோ வாங்கி வருவது என் பொறுப்பு. நோட்டீஸ் வாங்கியவர்கள் உங்களில் பலர் இருப்பீர்கள். கொடுத்தவனின் கதை என்ன என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

செல்லம்மாவின் அடுப்பு

கோலாலம்பூரில் பிரிக்பீல்ட்ஸ் பகுதியில் அப்போது வீடுகள் முதுகோடு முதுகு ஒட்டி நிற்கும். மலம் அள்ளுகிறவர்கள் நடுவீட்டு வழியாகத்தான் வாளியோடு போய்வர வேண்டும். தீப்பிடித்தால் பின்பக்கம் யாரும் போக முடியாது. அதனால் இரண்டு வரிசைக்கும் நடுவே பன்னிரண்டு அடியில் ஒரு பின்சந்து வெட்டத் தீர்மானித்தார்கள். நல்ல தீர்மானம்தான். ஆனால் அந்தப் பன்னிரண்டு அடியும் எல்லார் வீட்டு அடுப்பங்கரையிலிருந்தும்தான் வர வேண்டியிருந்தது.

செல்லம்மா ரயில்வே பட்டறை ஃபிட்டர் ஒருவரின் மனைவி. அவள் வீட்டுக்குப் போனபோது புருஷன் வேலைக்குப் போயிருந்தார். சர்வேயர் அளக்க, நான் சுவரில் சிவப்புச் சாயத்தால் கோடு இழுத்தேன். கோட்டுக்கு அந்தப் பக்கம், இடிபடுகிற பக்கம், அடுப்பு; இந்தப் பக்கம் தண்ணீர்த் தொட்டி. மறுவாரம் போய்ப் பார்த்தால், அடுப்பைத் தானே இடித்து, முன்னறையில் சாமி படத்துக்குக் கீழே மூன்று கல் வைத்துச் சமைத்துக்கொண்டிருந்தாள். வீடு முழுக்கப் புகை. கைக்குழந்தை இருமிக்கொண்டே இருந்தது.

நாங்கள் போனதோ வேறு காரியத்துக்கு. அளவு நாடாவின் முனையை முதல் நாள் நான் தப்பான எல்லைக் கல்லில் பிடித்துவிட்டேன். சர்வேயர் திரும்ப அளந்தபோது கோடு மூன்றடி தள்ளிப் போனது. அடுப்பு இருந்த இடம் தப்பித்தது, அடுப்புதான் இல்லை. தப்பு என்னுடையது என்று அவளிடம் சொன்னேன். திட்டுவாள், அழுவாள் என்று காத்து நின்றேன். அவள் புதுக் கோட்டைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். பிறகு கேட்டாள்: "அண்ணே, இதுதான் கடைசிக் கோடா? சொன்னீங்கன்னா இங்கேயே உலை வெச்சுடறேன்."

பூட்டிய வீடு

வீடுகள் இருக்கிற பகுதியில் மாடு வைக்கக் கூடாது என்று அடுத்து ஓர் உத்தரவு வந்தது. பால்காரர் முத்தையா நாலு மாடு வைத்திருந்தார். தொழுவத்தின் மறுபாதிதான் அவர் குடியிருந்த வீடு. ஊருக்கு வெளியே இடம் காட்டியிருந்தார்கள். மூன்று மாட்டை ஓட்டிப் போய்விட்டார். நாலாவது நிறைமாதம். நாலு மைல் நடந்தால் கன்றும் தங்காது, மாடும் தங்காது என்றார். சொல்லும்போது என் முகத்தைப் பார்க்காமல் மாட்டின் விலாவையே தடவிக்கொண்டிருந்தார்.

கடைசி நோட்டீஸைக் கொடுத்துவிட்டால் மூன்றாம் நாள் ஆட்கள் வந்து மாட்டைப் பிடித்துப் போய்விடுவார்கள். நான் கொடுக்கவில்லை. "வீடு பூட்டியிருந்தது" என்று ரிப்போர்ட்டில் எழுதினேன். அடுத்த வாரமும் அதையே எழுதினேன். அந்த இரண்டு வாரமும் ஆபீஸில் யார் என் பேரைக் கூப்பிட்டாலும் அந்த ரிப்போர்ட்டைப் பற்றித்தானோ என்று திரும்பிப் பார்த்தேன். பொய் ரிப்போர்ட்டுக்கு என்ன தண்டனை என்று எனக்குத் தெரியும். எனக்கு முன்னால் இருந்தவனை அதற்காகத்தான் வேலையை விட்டு அனுப்பினார்கள்.

மூன்றாவது வாரம் எங்கள் ஆபீஸ் துரை, "நானே வந்து பார்க்கிறேன்" என்று கிளம்பிவிட்டார். போய்ச் சேர்ந்தபோது முத்தையா முழங்கைவரை நனைந்து மண்டியிட்டிருக்கிறார், மாடு ஈன்றுகொண்டிருக்கிறது. துரை தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, கன்று விழுந்து எழுந்து நிற்கும்வரை அப்படியே நின்றார். பிறகு நோட்டீஸை என்னிடமிருந்து வாங்கி, கெடுவை ஒரு மாதம் தள்ளித் தம் கையாலேயே எழுதினார். பேனாவை மூடிவிட்டு மலாய் மொழியில் என்னைக் கேட்டார்: "பூட்டின வீட்டுக்குள்ளே இந்தக் கன்றுக்குட்டி எப்படி வந்தது?"

மஞ்சள் மனை

இன்றும் என்னை உறுத்துவது இதுதான். பக்கத்து ஊரான கிள்ளானில் ரோட்டு வேலைக் கூலிகளை மேற்பார்க்கும் மண்டோராக இருந்து ஓய்வு பெற்றவர் ஒருவர், வீட்டு மனை வாங்குமுன் விசாரிக்க எங்கள் ஆபீஸுக்கு வந்தார். மனைவிக்கு மூச்சிழுப்பு நோய். புகை ஆகாது, தூசி ஆகாது. வரைபடத்தில் அந்தப் பகுதி மஞ்சளாக இருந்தது. மஞ்சள் என்றால் குடியிருப்பு மட்டும், வேறெதுவும் பக்கத்தில் வராது என்று நான்தான் விரல் வைத்துக் காட்டினேன். அவர் என் பேச்சை நம்பி வாங்கினார். முன்னால் வராந்தா, பெரிய பெரிய ஜன்னல்கள், எல்லாம் அந்த அம்மாளுக்குக் காற்று வரட்டும் என்று கட்டியது.

இரண்டு வருஷத்தில் வரைபடத்தைத் திருத்தினார்கள். அவர் மனைக்கு அடுத்த துண்டு வேறு நிறமானது. அங்கே ரப்பர் ஷீட்டைப் புகை போட்டு உலர்த்துகிற கொட்டகை வந்தது. மண்டோர் பழைய வரைபடத்தின் நகலைச் சுருட்டிக்கொண்டு மறுபடி வந்தார். படுத்தால் மூச்சு முட்டுகிறது, பொம்பளை உட்கார்ந்தே தூங்குகிறாள் என்றார். நான் அவருக்காக மனு எழுதினேன். தெருக்காரர்களிடம் கையெழுத்து வாங்கினார். எட்டு மாதம் இழுத்தது. கடைசியில் புகைக்குழாயை உயர்த்தச் சொன்னார்கள், அவ்வளவுதான். காற்று அந்தப் பக்கம் திரும்புகிற மாதங்களில் ஜன்னலையெல்லாம் சாத்திவிட்டு, அம்மாளைக் காஜாங் ஊரில் தங்கை வீட்டில் கொண்டுபோய் விடுவார்.

ஒருநாள் கிள்ளான் சந்தையில் அவரைப் பார்த்தேன். ஒதுங்கிப் போகப் பார்த்தேன், அவரே கூப்பிட்டுத் தோளில் கை வைத்தார். "தம்பி, இனிமே யாராச்சும் மனை விசாரிச்சு வந்தா கலரைச் சொல்லாதீங்க. காத்து எந்தப் பக்கம் அடிக்குதுன்னு சொல்லுங்க."

எங்கள் கதவு

அத்தாப்பு ஓலைக் கூரை வேய்ந்த வீடுகள் ஊருக்குள் இருக்கக் கூடாது; தீப்பிடிக்கும். முப்பது நாளில் காலி செய்ய வேண்டும். அந்த உத்தரவுக்காக என்னிடம் தந்த காகிதக் கட்டில் இருபத்திரண்டு நோட்டீஸ் இருந்தன. பதினேழாவதில் நான் வாடகைக்குக் குடியிருந்த வீட்டு நம்பர்.

மற்ற இருபத்தொன்றையும் கொடுத்து முடித்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போனேன். பேச்சை எப்படி எடுப்பது என்று தெரியாமல் காகிதத்தை அரிசி டப்பாமேல் வைத்தேன். என் மனைவி காமாட்சிக்கு எழுத்துத் தெரியாது. ஆனாலும் அந்த நீளக் காகிதத்தை என் பையில் எத்தனையோ முறை பார்த்திருக்கிறாள். எடுத்து என் கையில் கொடுத்து, மற்ற வீட்டில் வாசிக்கிற மாதிரியே வாசியுங்கள் என்றாள். வாசற்படிக்குப் போய் நின்றுகொண்டாள்.

வாசித்தேன். மனப்பாடமாக இருந்த வரிகள்தான், இருந்தும் "உள்ளே குடியிருப்போர்" என்ற இடத்தில் நின்றுவிட்டேன். திரும்பத் தொடங்கி முடித்தேன். பெருவிரலில் மையைத் தடவி, காட்டிய இடத்தில் வைத்தாள். மாத முடிவில் செந்தூலில் ஒரு தகரக் கூரை வீட்டுக்குப் போய்விட்டோம். அங்கே வெயில் காலத்தில் உள்ளே உட்கார முடியாது. அதெல்லாம் பிறகு. அன்றைக்கு அவள் விரலை முந்தானையில் துடைத்துக்கொண்டே கேட்டது இவ்வளவுதான்: "இதையா இத்தனை வருஷமா வீடு வீடா வாசிச்சுட்டு வந்து, என் கையால சோறு வாங்கித் தின்னீங்க?"

எல்லார் வீட்டுக்கும் காற்றும் வெளிச்சமும் வர வேண்டும் என்றுதான் அந்த ஆபீஸையே வைத்தார்கள். வந்தது உண்மைதான், வீட்டில் பாதியை எடுத்துக்கொண்டு வந்தது.