நட்சத்திரம் வைத்த பொன்னாடை

நியூசிலாந்தில், ஒக்லாந்து நகரின் ஏவன்டேல் பகுதியில் ஒரு வீட்டுக் கராஜில் நான் குடியிருந்தேன். அதற்கு முன் இரண்டு மாதம் வான் வண்டிக்குள் படுத்தவனுக்கு அது மாளிகை. வீட்டுக்காரி நியூவே தீவுக்காரி. அந்தச் சின்னத் தீவு பசிபிக் கடலில் கிடக்கிறது. அதன் சனத்தில் பெரும்பகுதி ஒக்லாந்தில் கிடக்கிறது.

ஒரு ஞாயிறு எங்கள் தமிழ்ச் சனத்தின் கூட்டம். பொன்னாடை வாங்குவது என் பொறுப்பு. புறப்படும்போதுதான் அது ஞாபகம் வந்தது. கராஜில் சலவை மெஷினுக்கு மேல் மஞ்சள் துணி ஒன்று மடித்துக் கிடந்தது. மேசைவிரிப்பு என்று நினைத்தேன். நாளைக்கு நல்ல பொன்னாடை ஒன்று வாங்கிக் கொடுத்து இதை மாற்றிக்கொள்ளலாம் என்று எடுத்துப் போனேன்.

பேச வந்தவர் நகரின் இன்னொரு பக்கம் எப்சத்தில் இருக்கும் ஓய்வுபெற்ற அதிகாரி. வெள்ளைக்காரன் எங்களைக் கெடுத்த கதையை ஒன்றரை மணி நேரம் சொன்னார். முடிந்ததும் தலைவர் துணியை உதறிப் போர்த்தினார். துணியின் மூலையில் இருந்த பிரித்தானியக் கொடி அதிகாரியின் தோளில் வந்து உட்கார்ந்தது. அதன் நடுவில் பெரிய நட்சத்திரம். பேச்சு முடிந்த சந்தோஷத்தில் கைதட்டிய சனம் ஒன்றையும் கவனிக்கவில்லை. நான் கவனித்தேன். நானும் கைதட்டினேன்.

திங்கட்கிழமை வீட்டுக்காரி தன் கொடியைத் தேடினாள். சனிக்கிழமை அவள் மகளுக்குக் காதுகுத்து. அவர்களிடமும் அது பெரிய சடங்கு என்று அன்றுதான் அறிந்தேன். பிள்ளைக்குப் பின்னால் அந்தக் கொடி தொங்கவேண்டும். மஞ்சள், தீவின் வெயிலும் நியூசிலாந்தின்மேல் அவர்களுக்குள்ள பிரியமும். பெரிய நட்சத்திரம், கடலில் தனியே நிற்கும் தீவு. சின்ன நாலும் தென்வானத்தில் தெரியும் சிலுவை விண்மீன்கூட்டம். மூலையில் இருக்கும் பிரித்தானியக் கொடி, தீவின் பழைய காவல்காரன். எல்லாவற்றையும் பொறுமையாகச் சொல்லிவிட்டு, சனிக்கிழமைக்குள் கொடி வராவிட்டால் கராஜுக்கு வேறு ஆள் பார்ப்பேன் என்று அதே பொறுமையோடு சொன்னாள்.

எப்சத்துக்கு ஓடினேன். அதிகாரி கொடியை முழங்காலுக்குப் போர்த்திக்கொண்டு டீவி பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஐயா, உது பொன்னாடை இல்லை. ஒரு நாட்டின்ரை கொடி."

"அப்பிடியோ? நல்ல பருத்தி, தம்பி. அலுமாரி நிறையக் கிடக்கிற பொன்னாடையெல்லாம் வழுக்குது, குளிருக்கு உதவாது." மூலையைத் திருப்பிப் பார்த்தார். "இதிலை என்ன, வெள்ளைக்காரன் இருக்கிறான்?"

"ஓம்."

"அண்டைக்குப் படம் எடுத்தவங்களோ?"

"எடுத்து பேஸ்புக்கிலையும் போட்டுவிட்டாங்கள்."

முழங்காலிலிருந்து கொடியை எடுத்து மடித்தார். "ஆரும் கேட்டால் குளிருக்குப் போட்டது எண்டு சொல்லும்." கொடியைத் தந்துவிட்டு, அலுமாரியில் இடம் காணாது என்று ஆறு பொன்னாடைகளையும் எடுத்து என் கையில் திணித்தார்.

வெள்ளி மாலை வீட்டுக்காரி கொடியை முகர்ந்து பார்த்தாள். பன்னீர் வாசம். நான் நடந்ததைச் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. ஒரு பொன்னாடையை விரித்துச் சரிகையைத் தடவியபடி, உங்கள் துணிக்கு என்ன அர்த்தம் என்று கேட்டாள். அவள் ஐந்து நட்சத்திரத்துக்கும் அர்த்தம் சொன்னவள். கண்ட கூட்டங்களை நினைத்துப் பார்த்து, "பேசினது போதும், இறங்குங்கள் என்று அர்த்தம்" என்றேன்.

அப்போதுதான் சிரித்தாள். கராஜில் இரு என்றாள்.

மறுநாள் மண்டபத்தில் கொடி தொங்கியது. பிள்ளை காதைப் பிடித்தபடி இருந்தாள். பிள்ளையின் மாமா ஒருவர் மைக்கைப் பிடித்தார், விடவில்லை. உணவு ஆறிக்கொண்டிருந்தது. வீட்டுக்காரி எழுந்து போய், நான் கொண்டுவந்த ஆறில் பச்சைக் கரை வைத்த பொன்னாடையை அவருக்குப் போர்த்தினாள்.

சபை எழுந்து கைதட்டியது. மாமாவுக்குக் கண் கலங்கிவிட்டது. சரிகையைத் தடவிப் பார்த்தார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, மைக்கை மறுபடியும் கையில் எடுத்தார்.

வீட்டுக்காரி என் பக்கம் திரும்பினாள். கராஜ் இன்னும் எனக்குத்தானா என்று அந்த நேரம் நிச்சயமாகச் சொல்ல முடியவில்லை.