வெளுத்த பொட்டுத்தாலி

பொம்மனஹள்ளி பஸ் நிறுத்தத்துக்கு எதிரே இருக்கிற நர்சிங் ஹோமில் சரசுவுக்குப் பதினேழு வருட சர்வீஸ். ஆயா வேலை. என்ன வேலை என்று யாராவது கேட்டால், "டாக்டர் செய்யாதது எல்லாம்" என்பாள். பிறந்த குழந்தையைத் துடைத்து முதலில் வெளியே காட்டுவதும் அவள்தான். செத்தவரின் வாயைக் கட்டுவதும் அவள்தான். இரண்டுக்கும் பயந்ததில்லை.

பயம் தொடங்கியது அவள் புருஷன் சின்னப்பாவுக்கு நெஞ்சில் மூன்று அடைப்பு என்று சொன்ன பிறகுதான். ஹெப்பகோடியில் ஒரு கம்பெனியில் மூட்டை ஏற்றுகிற மனுஷன். அரசு ஆஸ்பத்திரியில் நாலு மாதம் காத்திருந்து, வருகிற திங்கட்கிழமை ஆபரேஷனுக்குச் சேரச் சொல்லியிருந்தார்கள்.

அந்தச் சமயம் பார்த்து நர்சிங் ஹோமில் பழைய பிபி மெஷின்களைக் கழித்துவிட்டுப் பட்டன் மெஷின் வாங்கினார்கள். செவ்வாய்க்கிழமை சரசு பழையவற்றை ஸ்டோர் ரூமுக்கு இரண்டிரண்டாகத் தூக்கிக்கொண்டு போனாள். ஒன்று கைநழுவி விழுந்து கண்ணாடிக் குழாய் தெறித்தது. உள்ளே இருந்த பாதரசம் தரையெங்கும் கடுகாய்ச் சிதறியது.

சரசு கதவைச் சாத்திவிட்டுக் குந்தினாள். பழைய எக்ஸ்ரே பிலிம் ஒன்றை மடித்து அதால் ஒரு காலிக் குப்பிக்குள் தள்ளினாள். இரண்டு உருண்டை கிட்டே வந்தால் ஒன்றையொன்று விழுங்கிப் பெரிசாயின. தொட்டால் ஈரமில்லை. கட்டைவிரல் அளவு ஊசிமருந்துக் குப்பியில் பாதிகூட நிரம்பவில்லை, ஆனாலும் கல்லைப் போட்டதுபோல் கனத்தது. சிஸ்டரிடம் சொல்லிவிடலாம் என்றுதான் எழுந்தாள். அதற்குள் அந்த மணிக்காரன் ஞாபகம் வந்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமைகளில் ஓசூர் ரோட்டுக் கோயில் வாசலில் உட்கார்ந்து, பாதரசத்தைக் கட்டி மணியாக்கி விற்கிறவன் அவன். "ரசமணி புருஷன் இடுப்புல இருந்தா உசுரு எங்கயும் போவாதும்மா. ரசம் கெடைச்சா கொண்டா, கட்டித் தரேன்" என்று போன வாரம்தான் சொல்லியிருந்தான்.

குப்பியின் ரப்பர் மூடியை அழுத்திச் சுருக்குப்பையில் போட்டு ரவிக்கைக்குள் செருகிக்கொண்டாள். ஞாயிறு வரைதானே.

வெள்ளிக்கிழமை காலையில் குளித்துவிட்டு, வழக்கம்போல் தாலிக்கு மஞ்சள் பூச எடுத்தாள். பொட்டுத்தாலி வெளுத்திருந்தது. தங்கம் ஈயமாய்ச் சாம்பல் பூத்துக் கிடந்தது. மஞ்சளை அழுத்தித் தேய்த்தாள். சீயக்காய் போட்டுத் தேய்த்தாள். போகவில்லை. புருஷன் உயிருக்குத்தான் ஏதோ கெட்ட சகுனம் என்று பட்டது.

"யோவ், திங்கக்கெழம வேணாம்யா. அடுத்த மாசம் போலாம்."

"இன்னாடி சொல்ற? நாலு மாசமா நீதானே அந்தக் கவுண்டர்ல மல்லு கட்டின?"

"மனசு சரியில்ல."

"அடைப்பு எனக்கு. மனசு உனக்கு சரியில்லையா?" சின்னப்பா சிரிக்கப் பார்த்தான், மூச்சு வாங்கியது.

அவள் முந்தானையை இழுத்து மூடிக்கொண்டு டியூட்டிக்குக் கிளம்பிவிட்டாள். மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஆஸ்பத்திரிக்குப் போன் போட்டுத் தேதியைத் தள்ளச் சொல்லிவிடுவது என்று பஸ்ஸிலேயே முடிவு செய்திருந்தாள்.

பதினோரு மணிக்கு மெஷின்களை எடுத்துப்போக ஓஸ்வால்ட் வந்தார். இருபது வருடமாக இந்தப் பக்கத்து ஆஸ்பத்திரிக் கருவிகளையெல்லாம் பழுது பார்ப்பவர். சரசுதான் ஸ்டோரைத் திறந்துவிட்டாள். அவர் ஜன்னலை அகலத் திறந்தார். பிறகு கல்யாண மோதிரத்தைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுப் பட்டனும் போட்டார். அப்புறம்தான் கையுறை மாட்டினார்.

"மோதிரத்த ஏன் சார் கழட்றீங்க?"

"மெர்குரிக்குத் தங்கம்னா பைத்தியம், சரசம்மா. பட்ட எடத்துல உள்ள பூந்துடும். மோதிரம் வெள்ளையாயிடும். ஒருவாட்டி ஆச்சு எனக்கு. வேற எவளாவது தங்கத்த வாங்கிக்கிட்டு அலுமினியம் குடுத்துட்டாளான்னு என் வீட்ல ஒரே பேஜார்."

சொல்லிச் சிரித்துத் திரும்பியவர், சரசு முந்தானையைக் கழுத்தோடு இறுக்கிப் பிடித்திருப்பதைப் பார்த்தார். கீழே கிடந்த உடைந்த மெஷினையும் பார்த்தார்.

"இதுல இருந்தது எங்கம்மா?"

அவள் திரும்பி நின்று சுருக்குப்பையை எடுத்தாள். மூடி கழன்றிருந்தது. பைத் துணியில் பொடி மணிகள் மினுங்கின. முந்தானையை விலக்கித் தாலியையும் காட்டினாள். மணிக்காரன் சொன்னது, காலையில் கண்டது, போன் போட இருந்தது எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினாள்.

ஓஸ்வால்ட் சுருக்குப்பையை வாங்கி ஒரு கவரில் போட்டு முடிந்தார்.

"யாருக்கும் ஒண்ணும் ஆவாதுன்னு நான் சொல்ல மாட்டேன். டாக்டர் சொல்லட்டும். ஆனா இது சகுனம் இல்லம்மா. உன் புருஷன் யாருன்னே இதுக்குத் தெரியாது."

"இந்த ரசத்த யாரு சார் செய்றாங்க?"

"யாரும் செய்றதில்ல. பூமியில கெடக்குது. குங்குமக் கலர்ல ஒரு கல்லு. வறுத்தா ஆவியா கெளம்பும், குளிர்ந்தா இப்படி ஓடும். அந்த ஆவிதான் வெஷம். சும்மா வெச்சாலும் கொஞ்சங் கொஞ்சமா கெளம்பிக்கிட்டே இருக்கும். அத நெஞ்சுல வெச்சிருந்தியே!"

தாலியைக் கழற்றச் சொல்லி ஒரு கண்ணாடிக் குப்பியில் போட்டு இறுக்கி மூடினார். "ஆசாரிகிட்ட சும்மா குடுத்துடாத. சூடு காட்டினா புகை அவன் நெஞ்சுக்குப் போவும். எனக்குத் தெரிஞ்ச எடம் ஒண்ணு இருக்கு, பழையபடி மஞ்சளாக்கிக் குடுப்பாங்க. மெஷின் உடைஞ்சதுன்னு நான் எழுதிடறேன். சிஸ்டர்கிட்ட நீயே சொல்லு."

தர்ஷினி சிஸ்டர் திட்டித் தீர்த்தாள். மெஷினை உடைத்ததற்கு ஒரு நிமிடம்; ரவிக்கையில் வைத்ததற்கு அரை மணி நேரம். பிறகு மாற்றுப் புடவை கொடுத்து, சரசுவின் துணியைப் பிளாஸ்டிக் கவரில் கட்டி, சோதனைக்குச் சிறுநீரும் எடுத்துக்கொண்டாள். மஞ்சள் கயிற்றில் ஒரு மஞ்சள் கிழங்கைக் கோத்து சரசுவின் கழுத்தில் கட்டிவிட்டதும் சிஸ்டர்தான்.

மதியம் சரசு யாருக்கும் போன் போடவில்லை.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும், ஆவி போகட்டும் என்று ஜன்னல்களைத் திறந்து, தலையணைகளை வெளியே எறிந்தாள். சின்னப்பா கயிற்றைப் பார்த்துவிட்டான்.

"தாலி எங்கடி?"

சொன்னாள். அவன் முழுவதையும் கேட்டான். "என் ஒடம்புல இருக்குற அடைப்பு பத்தாதுன்னு, வெஷத்த நெஞ்சுல வெச்சிக்கினு சுத்துனியா?" என்றான். பிறகு குரலை இறக்கி, "எனக்காவா?" என்றான்.

அவள் பரணிலிருந்து பையை இறக்கினாள். இரண்டு லுங்கி, துண்டு, டம்ளர், ரிப்போர்ட் கவர்.

"கெழங்கும் நல்லாத்தான் கீது ஒனக்கு" என்றான் அவன். "திங்கக்கெழம எத்தினி மணிக்கு?"

"ஏழு. வழியில டீ குடிக்கக் கூடாது, இப்பவே சொல்லிட்டேன்."